பெற்றோர் அரவணைப்பும் தன்மதிப்பும்: பிளஸ் டூ வயதில் எது வளர்க்கிறது, எது அரிக்கிறது?

பிளஸ் டூ முடிவுகள் வரும் வாரத்தில் இருவகை அறிவுரைகளும் கூடவே வந்துவிடும். "பிள்ளைகளிடம் அன்பாகப் பேசுங்கள், அவர்களுடைய தன்மதிப்பு உங்கள் கையில்தான் இருக்கிறது" என்று நாளிதழில் ஓர் உளவியலாளர் சொல்வார். "செல்லம் கொடுத்தே கெடுத்து வைத்திருக்கிறோம், ஒரு வார்த்தை தாங்குகிறார்களா?" என்று வாட்ஸப்பில் ஒரு குரல்பதிவு வலம்வரும். வேடிக்கை என்னவென்றால், இரண்டுமே 'ஆய்வுகள் சொல்கின்றன' என்றுதான் தொடங்கும்.

ஆய்வுகள் இருப்பது உண்மை. பதினாறு முதல் பத்தொன்பது வயது வரையிலான பிள்ளைகளின் தன்மதிப்புக்கும் வீட்டில் கிடைக்கும் அரவணைப்புக்கும் என்ன உறவு என்று அறுபது ஆண்டுகளாகத் துருவிக்கொண்டிருக்கிறார்கள். ஆனால் அவற்றின் முடிவுகள் இந்த இரண்டு கட்சிகளில் எதற்கும் முழுசாகச் சாட்சி சொல்வதில்லை. பாசம் என்று நாம் மொத்தமாகச் சொல்லிவிடும் காரியத்துக்குள் அக்கறை, பாராட்டு, தியாகம், கண்டிப்பு, பேரம் எல்லாம் கலந்து கிடக்கின்றன. தனித்தனியே பிரித்து அளந்தால், சில தன்மதிப்பை வளர்க்கின்றன. சில, அன்பின் பெயராலேயே, அதை அரிக்கின்றன.

தன்மதிப்பு: அளப்பது எதை?

தன்மதிப்பு என்பது ஒருவர் தன்னைப் பற்றி மொத்தத்தில் வைத்திருக்கும் மதிப்பீடு. 'கணக்கு எனக்கு நன்றாக வரும்' என்பது தன்னம்பிக்கை. அது ஒரு வேலையைப் பற்றியது. 'கணக்கு வராவிட்டாலும் நான் ஒன்றும் மட்டமில்லை' என்பது தன்மதிப்பு. பள்ளியிலேயே முதல் மார்க் வாங்கும் பிள்ளைக்கு முதலாவது நிறையவும் இரண்டாவது சொற்பமாகவும் இருக்கலாம். இந்த வித்தியாசம் பிடிபடாவிட்டால் பின்னால் வரும் எதுவும் பிடிபடாது.

1890இல் அமெரிக்க உளவியலாளர் வில்லியம் ஜேம்ஸ் இதை ஒரு வகுத்தல் கணக்காகவே சொன்னார்: கிடைத்த வெற்றியை, ஆசைப்பட்ட வெற்றியால் வகுத்தால் வருவது தன்மதிப்பு. வெற்றியைக் கூட்டினாலும் சரி, ஆசையைக் குறைத்தாலும் சரி, விடை உயரும். அழகான சூத்திரம்தான். ஆனால் பதினேழு வயதுப் பிள்ளையின் 'ஆசைப்பட்ட வெற்றி' எவ்வளவு என்பதை வீட்டில் யார் நிர்ணயிக்கிறார்கள் என்ற கேள்வி அதில் இல்லை.

இன்று உலகமெங்கும் புழங்கும் அளவுகோலைத் தந்தவர் சமூகவியலாளர் மோரிஸ் ரோசன்பர்க், ஆண்டு 1965. பத்தே வாக்கியங்கள். ஐந்து தன்னை மதிக்கும் தொனியில், ஐந்து தன்னைத் தாழ்த்தும் தொனியில். 'மற்றவர்களுக்குச் சமமான மதிப்பு எனக்கும் உண்டு', 'சில நேரம் நான் எதற்கும் லாயக்கில்லை என்று தோன்றுகிறது' என்ற ரகம். முழுதாக ஒப்புக்கொள்வதிலிருந்து அறவே மறுப்பது வரை நான்கு விடைகளில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். 'நான் மற்றவர்களைவிட உயர்ந்தவன்' என்று ஒரு வாக்கியம்கூட அதில் கிடையாது. ரோசன்பர்க் தேடியது மேன்மையை அல்ல, 'நான் போதுமானவன்' என்ற நிம்மதியை. தன்மதிப்பு கூடினால் தலைக்கனம் கூடும் என்று பயப்படுபவர்கள் இந்தப் பத்து வாக்கியங்களை ஒருமுறை படித்துப் பார்ப்பது நல்லது.

அரவணைப்பு: யார் கண்ணால் பார்ப்பது?

அமெரிக்காவின் கனெக்டிகட் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ரொனால்ட் ரோனர், பெற்றோர் அன்பை ஒரு நீண்ட கோடாகக் கற்பனை செய்தார். ஒரு முனை ஏற்பு, மறுமுனை நிராகரிப்பு. எல்லாப் பெற்றோரும் இந்தக் கோட்டில் எங்கோ ஓரிடத்தில் நிற்கிறார்கள். எங்கே என்பதைக் கண்டுபிடிக்க அவருடைய வினாப்பட்டியல் நான்கு விஷயங்களைக் கேட்கிறது:

1. அரவணைப்பு: தொடுதல், பேச்சு, பார்வை, கவனிப்பு ஆகியவற்றின் வழியே வெளிப்படும் பிரியம்.
2. பகைமை: அடி, ஏச்சு, குத்தல், கேலி.
3. அலட்சியம்: ஆள் வீட்டில்தான் இருக்கிறார், ஆனால் பிள்ளைக்குக் கிடைப்பதில்லை.
4. இன்னதென்று சொல்ல முடியாத நிராகரிப்பு: அடியில்லை, திட்டில்லை, எல்லாம் வாங்கித்தருகிறார்கள். ஆனாலும் 'என்னை இவர்களுக்குப் பிடிக்கவில்லை' என்று பிள்ளைக்குப் படுகிறது.

நான்காவது விஷயத்தில்தான் இந்தத் துறையின் சூட்சுமம் இருக்கிறது. வெளியிலிருந்து பார்ப்பவர் எதையும் சுட்டிக்காட்ட முடியாத நிலையிலும் பிள்ளை நிராகரிப்பை உணரலாம். ஆகவே பெரும்பாலான ஆய்வுகள் பிள்ளையைத்தான் கேட்கின்றன. பெற்றோர் மனத்தில் எவ்வளவு பாசம் இருக்கிறது என்பதைவிட, எவ்வளவு பாசம் பிள்ளைக்குப் போய்ச் சேர்ந்திருக்கிறது என்பதே தன்மதிப்போடு நெருங்கிப் பொருந்துகிறது.

போய்ச் சேரும் வழி ஊருக்கு ஊர் மாறும். மேற்கு வங்கக் கிராமத்தில் ஆய்வு நடத்திய ரோனர் ஓர் உதாரணம் சொல்வதுண்டு. அங்கே ஒரு தாய் பிள்ளையை மெச்சுவதற்கு வாயைத் திறக்க வேண்டியதில்லை; ஆரஞ்சை உரித்து, கொட்டையையும் நீக்கிச் சுளையைக் கையில் கொடுத்தால் போதும், பிள்ளைக்குப் புரிந்துவிடும். தமிழ்நாட்டிலும் இதற்குச் சான்று இருக்கிறது. 1970களில் ஒரு தமிழ்க் குடும்பத்தோடு தங்கி ஆய்வு செய்த அமெரிக்க மானுடவியலாளர் மார்கரெட் ட்ராவிக், இங்கே அன்பின் முதல் இலக்கணம் அடக்கம் என்று கண்டார். தாயின் கண்ணே பிள்ளைக்குப் பட்டுவிடும் என்ற அச்சத்தில், பெற்ற பிள்ளையை ஆசையாக உற்றுப் பார்ப்பதைக்கூடத் தாய்மார்கள் தவிர்த்ததை அவர் பதிவு செய்திருக்கிறார். நேராகப் பாராட்டினால் திருஷ்டி என்று நினைக்கும் பாட்டிகள் நம் வீடுகளில் இன்றும் உண்டு.

எனவே கட்டிப்பிடிக்காத, 'ஐ லவ் யூ' சொல்லாத தமிழ்ப் பெற்றோர் அரவணைப்பில்லாதவர்கள் என்று முடிவுகட்டுவது அறியாமை. பிள்ளை அந்த மொழியைப் படிக்கத் தெரிந்துகொண்டு வளர்ந்திருந்தால், நேரங்கழித்து வந்தவனுக்காக மூடிவைத்த சோற்றுத் தட்டே போதும்.

சிக்கல் எங்கே வருகிறது என்றால், அந்த மொழி இரு தலைமுறைக்கு இடையே கைமாறாமல் போகும்போது. துபாயிலோ சவூதியிலோ பதினைந்து வருடம் உழைத்து மகனைப் படிக்கவைக்கும் தகப்பனுக்கு, மாதாமாதம் அனுப்பும் பணம்தான் பாசம். மகனுக்கு அது பள்ளிக் கட்டணம். தியாகம் பெரியதுதான், ஆனால் தியாகத்தைப் பிள்ளை அரவணைப்பாகத்தான் உணரும் என்பதற்கு உத்தரவாதம் இல்லை. சில வீடுகளில் அது கடனாகத்தான் உணரப்படுகிறது. வினாப்பட்டியலில் இரண்டும் வெவ்வேறு கட்டங்களில் விழும்.

நியூயார்க் மாநிலத்துப் பள்ளிகள் சொன்னது

தன் அளவுகோலை உருவாக்கும்போதே ரோசன்பர்க் அதை நியூயார்க் மாநிலத்தின் பத்துப் பொதுப் பள்ளிகளில் பயன்படுத்திப் பார்த்தார். ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட மாணவர்கள். எல்லாரும் நம் கணக்கில் பிளஸ் ஒன், பிளஸ் டூ. பெற்றோரின் அக்கறையை அவர் பெரிய தத்துவக் கேள்விகளால் அளக்கவில்லை. மூன்று சில்லறை விஷயங்களைக் கேட்டார்:

1. உன் நண்பர்கள் யார் யார் என்று அம்மாவுக்குத் தெரியுமா?
2. ரேங்க் கார்டைக் காட்டியபோது வீட்டில் என்ன செய்தார்கள்?
3. இரவுச் சாப்பாட்டில் பேச்சு நடக்கும்போது நீயும் பேசுவாயா? நீ சொல்வதை மற்றவர்கள் காதில் வாங்குவார்களா?

மூன்றிலும் ஒரே திசையில் விடை வந்தது. நண்பர்களை அறிந்த தாய், ரேங்க் கார்டைப் பார்த்து ஆதரவாக ஏதாவது சொன்ன பெற்றோர், சாப்பாட்டு வேளையில் பிள்ளைக்கும் காது கொடுத்த குடும்பம் என்றால் தன்மதிப்பு உயர்வு. இதில் யாருக்கும் ஆச்சரியம் இருந்திருக்காது. ஆச்சரியம் அடுத்ததில். திட்டிய பெற்றோரின் பிள்ளைகளைவிட, எதையும் கண்டுகொள்ளாத பெற்றோரின் பிள்ளைகள் இன்னும் தாழ்ந்து நின்றார்கள். மார்க்கைப் பார்த்துக் கத்துபவர்கூட 'உன் மார்க் எனக்குப் பொருட்டு' என்று ஒன்றைச் சொல்லித்தான் கத்துகிறார். பார்க்காமலே கையெழுத்துப் போட்டுத் தருபவர் அதையும் சொல்வதில்லை.

இதை எடுத்துக்கொண்டு திட்டலாம் என்று கிளம்பிவிடக் கூடாது. திட்டியவர்களின் பிள்ளைகள் நன்றாக இருந்தார்கள் என்று ரோசன்பர்க் சொல்லவில்லை; அவர்களுக்கும் கீழே ஒரு படி இருந்தது என்றுதான் சொன்னார். அந்தப் படி எது என்பது இன்றைக்கும் பொருத்தமான சேதி. இன்றைய பெற்றோர் பலர் அடிப்பதை விட்டுவிட்டார்கள், திட்டுவதையும் குறைத்துக்கொண்டார்கள். அந்த இடத்தில் பேச்சு வந்ததா, ஆளுக்கொரு போனோடு அமைதி வந்ததா என்பது வீட்டுக்கு வீடு வேறுபடும்.

அரவணைப்பு எந்த வழியாக உள்ளே போகிறது?

வெளியே கிடைக்கும் அன்பு எப்படி உள்ளே மதிப்பாக மாறுகிறது என்பதற்கு மூன்று விளக்கங்கள் உண்டு. ஒன்று மற்றொன்றை ரத்து செய்வதில்லை.

1. கண்ணாடி விளக்கம். 1902இல் சார்ல்ஸ் கூலி என்ற சமூகவியலாளர் முன்வைத்தது. மற்றவர்கள் என்னை எப்படிப் பார்க்கிறார்கள் என்று நான் நினைக்கிறேனோ, அப்படியே என்னை நான் பார்க்கத் தொடங்குகிறேன். அதிகம் பார்க்கப்படும் கண்ணாடி வீட்டில் இருக்கிறது.

2. தளம் என்ற விளக்கம். பிரிட்டிஷ் மனநல மருத்துவர் ஜான் பௌல்பி வகுத்த பற்றுறவுக் கோட்பாட்டிலிருந்து வருவது. திரும்பிப் போக ஓர் இடம் இருக்கிறது என்று தெரிந்த பிள்ளை துணிந்து முயற்சி செய்யும், தோற்கும், திரும்பி வரும், மறுபடி போகும். தன்மதிப்பு இங்கே புகழுரையில் விளைவதில்லை. தோற்றும் ஒன்றும் ஆகிவிடவில்லை என்ற அனுபவம் சேரச் சேர விளைகிறது.

3. நிபந்தனை என்ற விளக்கம். அமெரிக்க உளவியலாளர் கார்ல் ரோஜர்ஸ் தொடங்கிவைத்தது. 'நீ இன்னாராக இருந்தால்தான் உன்னை ஏற்போம்' என்ற சூழலில் வளரும் பிள்ளை, தன் மதிப்புக்கும் அதே நிபந்தனையைப் போட்டுக்கொள்கிறது.

மூன்றாவதில் கொஞ்சம் நிற்க வேண்டும். நம் ஊர் நிலவரம் அதில்தான் அதிகம் அகப்படுகிறது. இது கண்டிப்பைப் பற்றியதோ பாசக் குறைவைப் பற்றியதோ அல்ல. பாசத்தை அளவாகத் திறந்து அளவாக மூடும் பழக்கத்தைப் பற்றியது. மார்க் வந்தால் வீட்டில் சிரிப்பு, பிரியாணி, உறவினருக்கெல்லாம் போன். மார்க் குறைந்தால் அடியில்லை, திட்டுமில்லை. அம்மா பேச மாட்டார், அப்பா தட்டைப் பார்த்துச் சாப்பிடுவார். பிள்ளை மறுபடி நல்ல மார்க் கொண்டுவரும்வரை வீடு இறுகியே இருக்கும்.

அவி அசோர், கை ராத், எட்வர்ட் டெசி ஆகிய மூவரும் 2004இல் வெளியிட்ட ஆய்வு இதைத்தான் ஆராய்ந்தது. கல்லூரி மாணவர்களிடம், படிப்பு, விளையாட்டு, பிறருக்கு உதவுவது, பயத்தை அடக்குவது ஆகியவற்றில் பெற்றோர் அன்பு எந்த அளவுக்கு நிபந்தனையோடு வந்தது என்று கேட்டார்கள். நிபந்தனை வேலை செய்தது: பெற்றோர் விரும்பிய காரியத்தைப் பிள்ளைகள் செய்தார்கள். ஆனால் விருப்பத்தோடு அல்ல, உள்ளிருந்து ஒன்று விரட்ட. ஜெயித்தால் வந்த சந்தோஷம் சீக்கிரம் வற்றியது. தோற்றால் அவமானமும் குற்றவுணர்வும். கூடவே பெற்றோர்மேல் ஒரு கசப்பு.

அதே ஆய்வின் அடுத்த பகுதி இன்னும் குத்துவது. கல்லூரி வயது மகள்களின் தாய்மார்களைக் கேட்டபோது, தங்கள் பெற்றோரிடமிருந்து நிபந்தனை அன்பைப் பெற்றவர்கள் தன்மதிப்பில் தாழ்ந்திருந்தார்கள். அதனால் தாங்கள் பட்ட பாட்டை அறிந்திருந்தும், மகள்களிடம் அதே முறையைத்தான் கையாண்டார்கள். காரணம் ஊகிக்கக் கூடியதே: உடனடிப் பலன் கண்ணுக்குத் தெரிகிறது, விலை பின்னால்தான் தெரிகிறது.

தமிழ்நாட்டில் 2017 முதல் பொதுத்தேர்வு முடிவுகளில் மாநில, மாவட்ட முதலிடங்களை அரசு அறிவிப்பதில்லை. நல்ல முடிவுதான். ஆனால் வீட்டுக்குள் நடக்கும் அறிவிப்பை எந்த அரசாணையும் நிறுத்த முடியாது.

கண்டிப்பு அரவணைப்புக்கு எதிரியா?

செல்லம் கொடுத்துக் கெடுத்தோம் என்ற கட்சியின் பிழை இங்கே இருக்கிறது. அரவணைப்பையும் கண்டிப்பையும் அவர்கள் ஒரு தராசின் இரண்டு தட்டுகளாக நினைக்கிறார்கள். ஒன்று ஏறினால் மற்றது இறங்கியாக வேண்டும் என்பது போல. ஆய்வுகளில் அவை இரண்டு தனித்தனி அளவுகள். கலிபோர்னியாவின் பெர்க்லியில் உளவியலாளர் டயானா பாம்ரிண்ட் 1960களில் பெற்றோரை மூன்று வகையாகப் பிரித்தார். 1983இல் எலினார் மக்கபியும் ஜான் மார்ட்டினும் அதை இரண்டு அளவுகளின் குறுக்குவெட்டாக்கி நான்காக்கினார்கள்:

1. அரவணைப்பும் உண்டு, வரையறையும் (பிள்ளைக்குப் போடும் வரம்பும் கண்டிப்பும்) உண்டு.
2. வரையறை மட்டும் உண்டு, அரவணைப்பு இல்லை.
3. அரவணைப்பு மட்டும் உண்டு, வரையறை இல்லை.
4. இரண்டும் இல்லை.

அமெரிக்க மாணவர்களிடம் நடந்த ஆய்வுகளில் முதல் வகை வீட்டுப் பிள்ளைகள் மொத்தத்தில் மேலே நின்றார்கள். நான்காம் வகை வீட்டுப் பிள்ளைகள் கீழே. இரண்டாம் வகை வீடுகளில் படிப்பு ஒழுங்காக இருந்தது, தன்மதிப்பு குறைந்தது. மூன்றாம் வகை வீடுகளில் தன்மதிப்பு நன்றாக இருந்தது, படிப்பும் ஒழுங்கும் தளர்ந்தன. செல்லத்தால் கெடுவது ஒழுங்கே தவிரத் தன்மதிப்பு அல்ல என்பது இதில் வாசிக்க வேண்டிய வரி. 1967இல் ஸ்டான்லி கூப்பர்ஸ்மித் பத்து முதல் பன்னிரண்டு வயதுச் சிறுவர்களை ஆராய்ந்தபோதும் இதே சாயல் தெரிந்தது: ஏற்பு, தெளிவான வரம்பு, வரம்புக்குள் பிள்ளையின் போக்குக்கு மரியாதை. இந்த மூன்றும் சேர்ந்த வீடுகளிலிருந்து உயர்ந்த தன்மதிப்பு வந்தது.

ஆனால் பதினேழு வயதில் 'வரையறை' என்ற சொல்லையே இரண்டாக உடைக்க வேண்டியிருக்கிறது. இதை 1965இலேயே ஏர்ல் ஷேஃபர் கவனித்தார், 1996இல் பிரையன் பார்பர் கூர்மையாக்கினார்.

நடத்தைக் கட்டுப்பாடு: எங்கே போகிறாய், யாரோடு, எத்தனை மணிக்குத் திரும்புவாய் என்று கேட்பது, வண்டி ஓட்ட லைசென்ஸ் வரும்வரை சாவி கிடையாது என்பது.

உளக் கட்டுப்பாடு: பிள்ளையின் எண்ணத்தையும் உணர்வையும் பிடித்து ஆட்டுவது. "உனக்காக என் வாழ்க்கையையே அழிச்சுக்கிட்டேன், நீ இதுதான் செய்யறியா?" என்று குற்றவுணர்வை மூட்டுவது. மூன்று நாள் பேசாமல் இருப்பது. "எங்க மூஞ்சியில கரியப் பூசிட்ட" என்பது. "உனக்கு என்ன தெரியும், நீ சும்மா இரு" என்று உணர்வையே செல்லாததாக்குவது.

முன்னது பிள்ளையின் வெளிநடமாட்டத்துக்கு வேலி. அளவாக இருந்தால் தன்மதிப்பைக் குலைப்பதில்லை. பின்னது உள்ளே நுழைவது. மனச்சோர்வோடும் தாழ்ந்த தன்மதிப்போடும் திரும்பத் திரும்பச் சேர்ந்து வருவது இதுதான். நம் சினிமாத் தாய்மார்களின் புகழ்பெற்ற வசனங்களில் பாதி இந்தப் பட்டியலில் அடங்கிவிடும் என்பது தனியாக யோசிக்க வேண்டிய சங்கதி.

இதெல்லாம் வெள்ளைக்காரப் பிள்ளைகளுக்குப் பொருந்தும், நமக்கு எப்படி என்று கேட்கலாம். நியாயமான கேள்வி, ஆய்வாளர்களே கேட்டிருக்கிறார்கள். 1994இல் ரூத் சாவ், சீன வம்சாவளிப் பெற்றோரின் கண்டிப்பை அமெரிக்க அளவுகோலால் 'அடக்குமுறை' என்று முத்திரை குத்துவது தவறு, அந்தக் கண்டிப்புக்குள்ளேயே அக்கறையும் கலந்திருக்கிறது என்று வாதிட்டார். இந்தியா உள்ளிட்ட ஆறு நாடுகளில் ஜெனிஃபர் லான்ஸ்ஃபர்டும் குழுவினரும் நடத்தி 2005இல் வெளியிட்ட ஆய்வு, அடிப்பது சகஜம் என்று கருதப்படும் சமூகங்களில் அடியின் தீங்கு ஓரளவு குறைவு என்று கண்டது. குறைவுதான், தீங்கு அங்கேயும் இருந்தது. 'எங்கள் ஊரில் எல்லாரும் அடிப்பார்கள்' என்பது காயத்தின் ஆழத்தைக் கொஞ்சம் மாற்றுகிறது, காயத்தை இல்லாமலாக்கவில்லை.

பாராட்டு: அரவணைப்பின் போலி

அன்பாகப் பேசச் சொல்லும் கட்சியின் பிழை வேறு. தன்மதிப்பை வளர்க்கப் பாராட்டுங்கள் என்கிறார்கள். 1986இல் கலிபோர்னியா மாநிலம், சட்டமன்ற உறுப்பினர் ஜான் வாஸ்கான்செல்லோஸ் முயற்சியால், தன்மதிப்பை வளர்க்கவென்றே ஓர் அரசுக் குழுவை அமைத்தது. குற்றம், போதை, பள்ளியில் தோல்வி எல்லாவற்றுக்கும் தன்மதிப்பு தடுப்பூசி ஆகும் என்று எதிர்பார்த்தார்கள். பள்ளிகளில் 'நீ தனித்துவமானவன்' என்று சொல்லும் திட்டங்கள் பெருகின. 2003இல் ராய் பாமைஸ்டரும் சகாக்களும் கிடைத்த ஆய்வுகளையெல்லாம் அலசிப் பார்த்து, தன்மதிப்பை ஏற்றினால் மார்க் ஏறும் என்பதற்கு ஆதாரம் இல்லை என்றார்கள். நல்ல மார்க்தான் தன்மதிப்பைக் கொஞ்சம் ஏற்றுகிறது.

பாராட்டும் அரவணைப்பும் வேறு என்பதை நேராகக் காட்டியது நெதர்லாந்தில் எடி ப்ரூமெல்மன் குழுவினர் 2015இல் வெளியிட்ட ஆய்வு. ஏழு முதல் பதினொரு வயதுவரை 565 குழந்தைகளை ஆறு மாதத்துக்கு ஒருமுறை தொடர்ந்து பார்த்தார்கள். 'என் பிள்ளை மற்றப் பிள்ளைகளைவிட விசேஷம்' என்று தூக்கிவைத்த பெற்றோரின் பிள்ளைகளிடம் காலப்போக்கில் சுயமோகம் வளர்ந்தது, தன்மதிப்பு வளரவில்லை. அரவணைத்த பெற்றோரின் பிள்ளைகளிடம் தன்மதிப்பு வளர்ந்தது, சுயமோகம் வளரவில்லை. வேர்கள் இரண்டும் தனித்தனி.

இதே குழு முந்தைய ஆண்டு இன்னொன்றும் கண்டது. தன்மதிப்பு குறைந்த குழந்தைகளுக்குத்தான் பெரியவர்கள் 'ஆஹா ஓஹோ' என்று ஊதிப் பெருக்கிய பாராட்டை அதிகம் வழங்குகிறார்கள். அந்தப் பாராட்டைக் கேட்ட பிறகு அதே குழந்தைகள்தான் கடினமான வேலையைத் தவிர்க்கிறார்கள். அடுத்த முறை அந்த உயரத்தை எட்ட முடியாதே என்ற பயம். இவை சிறுவர்களின் ஆய்வுகள். பதினெட்டு வயதுக்கு அப்படியே நகல் எடுக்க முடியாது. ஆனால் நிபந்தனை அன்பைப் பற்றிய கல்லூரி மாணவர் ஆய்வோடு இது ஒத்துப்போகிறது: பாராட்டு சாதனையைப் பார்க்கிறது, அரவணைப்பு ஆளைப் பார்க்கிறது.

பதினாறுக்கு மேல் என்ன மாறுகிறது?

பதின்ம வயதில் தன்மதிப்பு சரிந்து விழும் என்பது பரவலான நம்பிக்கை. உல்ரிஷ் ஓர்த், ரூத் எரோல், ஈவா லூசியானோ ஆகியோர் 2018இல் 331 நீண்டகால ஆய்வுத் தொகுதிகளை, அதாவது 1,60,000க்கும் அதிகமானவர்களின் தரவை, ஒன்றாக்கிப் பார்த்தபோது சராசரி அப்படிச் சொல்லவில்லை. நான்கிலிருந்து பதினொரு வயதுவரை ஏற்றம்; பதினொன்றிலிருந்து பதினைந்துவரை சமதளம்; பதினைந்திலிருந்து முப்பதுவரை நல்ல ஏற்றம். பிளஸ் டூ வயது, சராசரிப் பிள்ளைக்கு ஏறத் தொடங்கும் படி.

இந்தப் படியில் அரவணைப்பின் வடிவம் மாறுகிறது. எட்டு வயதில் மடியில் இருத்திக்கொள்வது அரவணைப்பு. பதினேழில், எந்தப் படிப்பு என்ற பேச்சில் பிள்ளையின் விருப்பத்தைக் குறுக்கிடாமல் கேட்பது அரவணைப்பு. நண்பர்களும் தோற்றமும் தன்மதிப்பில் பங்கு கேட்கும் வயது இது. சூசன் ஹார்ட்டரின் ஆய்வுகளில், தன்மதிப்போடு மிக இறுக்கமாக ஒட்டியிருந்தது படிப்பல்ல, தன் தோற்றத்தைப் பற்றிய எண்ணம். நிறத்தையும் பருமனையும் முகப்பருவையும் வைத்து வீட்டிலேயே நடக்கும் கேலியை இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். பெற்றோர் அதைக் கேலி என்றே கணக்கில் வைப்பதில்லை.

இன்னொரு மாற்றம் தூரம். நாமக்கல் போன்ற ஊர்களின் உறைவிடப் பள்ளிகளிலும் நீட் பயிற்சி விடுதிகளிலும் இருக்கும் பிள்ளைக்கு வீடு என்பது வாரத்துக்குச் சில நிமிடத் தொலைபேசி அழைப்பு. அதில் முதல் கேள்வி டெஸ்ட் மார்க்காகவும் கடைசிக் கேள்வி அடுத்த டெஸ்ட்டாகவும் இருந்தால், பெற்றோர் மனத்தில் எவ்வளவு பாசம் இருந்தாலும் கம்பி வழியே போவது நிபந்தனை மட்டும்தான். ரோசன்பர்க்கின் முதல் கேள்வியை இங்கே போட்டுப் பார்க்கலாம்: விடுதி அறையில் பக்கத்துக் கட்டிலில் இருப்பவரின் பெயர் வீட்டில் தெரியுமா?

யாருடைய அரவணைப்பு?

தாயன்பே பிரதானம் என்று துறையே நெடுநாள் நம்பியது. ரோனர் குழுவினரின் பிற்கால ஆய்வுகளில், தந்தையின் ஏற்போ நிராகரிப்போ தாயுடையதைப் போலவே வலுவாகவும், சில விஷயங்களில் அதைவிட வலுவாகவும் பிள்ளையின் மனநலத்தோடு சேர்ந்திருந்தது. ஏன் என்று தேடியபோது, வீட்டில் யாருக்கு அதிகாரமும் கௌரவமும் அதிகம் என்று பிள்ளை நினைக்கிறது என்பதையும் சேர்த்து அளந்தார்கள். பிள்ளையின் பார்வையில் எடை கூடியவர் யாரோ, அவருடைய ஏற்புக்கும் எடை கூடலாம் என்பது ஊகம். அப்பா ஒரு வார்த்தை சொன்னால் போதும் என்று ஏங்கும் பிள்ளைகள் நிறைந்த நம் வீடுகளுக்கு இது புதிதாகத் தோன்றாது.

தொடர்பு எவ்வளவு? அது காரணமா?

இங்கேதான் 'ஆய்வுகள் சொல்கின்றன' என்பவர்கள் வழுக்குவார்கள்.

அப்துல் காலிக்கும் ரோனரும் 2002இல் 43 ஆய்வுகளைத் தொகுத்துக் கணக்கிட்டபோது, பிள்ளைகளின் மனப்பொருத்தத்தில் ஆளுக்கு ஆள் உள்ள வேறுபாட்டில் ஏறத்தாழ 26 சதவீதம், பெற்றோர் ஏற்பை அவர்கள் உணர்ந்த விதத்தோடு சேர்ந்து நகர்ந்தது. மனப்பொருத்தம் என்பது தன்மதிப்பு உள்ளிட்ட ஏழு அம்சங்களின் கூட்டு. உளவியலில் 26 என்பது பெரிய எண். ஆனாலும் மீதி 74 வெளியே நிற்கிறது: பிறவிச் சுபாவம், நண்பர்கள், பள்ளி, வறுமை, சாதி சொல்லி நடக்கும் அவமதிப்பு, அதிர்ஷ்டம்.

அந்த 26ஐயும் அப்படியே பெற்றோர் கணக்கில் எழுத முடியாது. மூன்று தடைகள்:

1. திசை. அரவணைப்பு தன்மதிப்பை வளர்த்ததா, தன்மதிப்புள்ள கலகலப்பான பிள்ளை பெற்றோரின் அரவணைப்பை இழுத்ததா? முகம் கொடுத்துப் பேசாத பிள்ளையிடம் பெற்றோரும் மெல்ல ஒதுங்கிவிடுவதை எந்த வீட்டிலும் பார்க்கலாம்.

2. ஒரே வாய். அரவணைப்பு எவ்வளவு என்று சொல்வதும் தன்மதிப்பு எவ்வளவு என்று சொல்வதும் அதே பிள்ளை. மனம் சோர்ந்த பிள்ளைக்கு இரண்டும் மங்கலாகத் தெரியும். தொடர்பு உள்ளதைவிடப் பெரிதாகக் கணக்கில் வரும்.

3. பரம்பரை. இரட்டையர் ஆய்வுகளில் தன்மதிப்பு வேறுபாட்டின் கணிசமான பங்கு மரபணுவோடு சேர்ந்திருக்கிறது. சுமுகமான சுபாவமுள்ள பெற்றோர் அரவணைப்பையும் தருகிறார்கள், அந்தச் சுபாவத்தையும் தருகிறார்கள்.

இந்தத் தடைகளைத் தாண்டத்தான் பல ஆண்டுகள் தொடரும் ஆய்வுகள். ஓர்த் 2018இல் வெளியிட்ட ஒன்றில், 8,711 அமெரிக்கர்களின் தன்மதிப்பை எட்டு வயதிலிருந்து இருபத்தேழு வயதுவரை தொடர்ந்து பார்த்தார். முதல் ஆறு ஆண்டுகளில் வீட்டுச் சூழல் எப்படி இருந்தது என்பதன் தடம் வயது ஏற ஏற மங்கியது. ஆனால் இருபத்தேழிலும் அழியவில்லை. பதின்ம வயதுக்குள் மட்டும் பார்க்கும் ஆய்வுகளில் முடிவு அவ்வளவு சீராக இல்லை. ஒரே சமயத்தில் அளந்தால் அரவணைப்பும் தன்மதிப்பும் நன்றாகவே ஒட்டிவருகின்றன. இந்த வருட அரவணைப்பைக் கொண்டு அடுத்த வருட மாற்றத்தைக் கணிக்கப் போனால் விளைவு சிறுக்கிறது, சில ஆய்வுகளில் காணாமலே போகிறது.

என் கணிப்பில் இதற்குப் பொருள் இரண்டு. அடித்தளத்தின் பெரும்பகுதி முன்பே போடப்பட்டுவிடுகிறது. பதினேழு வயதில் திடீரென்று அன்பாக மாறுவதால் அதிசயம் நடக்காது. ஆனால் அந்த வயதில் வீட்டில் நாள்தோறும் கிடைக்கும் அரவணைப்பு வீணும் அல்ல. பெற்றோரும் பிள்ளையும் ஒருவரையொருவர் மாற்றிக்கொண்டே போகிறார்கள். 'உங்கள் கையில்தான் இருக்கிறது' என்ற தலைப்புச் செய்திக்கு இந்தத் தரவுகள் போதாது. பெற்றோரைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவதற்கும் போதாது.

அளவுகோலின் எல்லை

கடைசியாக ஒன்று. ரோசன்பர்க்கின் பத்து வாக்கியங்கள் நோயைக் கண்டறியும் கருவி அல்ல. இணையத்தில் கிடைக்கும் தமிழாக்கத்தைப் பிள்ளையிடம் நீட்டி, வந்த எண்ணைப் பார்த்துக் கவலைப்படுவதில் அர்த்தமில்லை. அது கூட்டங்களை ஒப்பிட உருவானது, ஒரு பிள்ளைக்குத் தீர்ப்பு எழுத அல்ல. மனச்சோர்வு வேறு. இரண்டு வாரத்துக்கு மேலாகப் பெரும்பாலான நாட்களில் சோர்வு அல்லது எதிலும் ஆர்வமின்மை, தூக்கமும் பசியும் மாறுதல், செத்துப்போகலாம் என்ற பேச்சு ஆகியவற்றைக் கூடுதல் அரவணைப்பால் மட்டும் சரிசெய்யப் பார்ப்பது ஆபத்து. அங்கே தேவை மனநல மருத்துவர். செத்துப்போகும் பேச்சு எழுந்தால் இரண்டு வாரக் கணக்கெல்லாம் கிடையாது, அன்றைக்கே உதவி தேட வேண்டும். ஒன்றிய அரசின் டெலி மானஸ் உதவி எண் 14416. கட்டணம் இல்லை, இரவு பகல் எந்நேரமும் இயங்குகிறது, தமிழிலும் பேசலாம். பிள்ளையைப் பற்றிக் கேட்கப் பெற்றோரும் அழைக்கலாம்.